மழைக்கின்னரத்தின் ஏழாவது கம்பி

நான் கல்யாணமாகி வந்த முதல் வருஷம் முழுவதும் என் மாமியார் தறியோடுதான் பேசினார். என்னோடு ஒரு வார்த்தை கிடையாது. "உலை கொதிச்சு வத்திப் போவுது, இந்த வூட்டுல யாருக்காவது கண்ணு இருக்குதா இல்லியா?" என்று தறிக்கட்டையைப் பார்த்துக் கேட்பார். தறி என்ன செய்யும், பாவம். நான் எழுந்து போய் அரிசியைப் போடுவேன். "கழுவிட்டுப் போட்டா கல்லு இருக்காது" என்று மறுபடியும் அதே தறிக்கட்டைக்குத் தகவல் போகும். தறி இல்லாத இடங்களில் கிணற்றுக்கயிறு, பூனை, வாசற்படி என்று எது கைக்கு அகப்படுகிறதோ அதோடு பேசுவார். ஒருமுறை கோயிலுக்குப் போனபோது பேசுவதற்கு ஒன்றும் கிடைக்காமல் தவித்துப்போய், கடைசியில் ஒரு கல்தூணிடம் "புடவை முந்தானை தரையில இழுக்குது" என்று சொன்னார். தூண் புடவை கட்டவில்லை. நான் முந்தானையை எடுத்துச் செருகிக்கொண்டேன்.

அவருடைய கோபத்துக்குக் காரணம் இருந்தது. என் வீட்டுக்காரருக்குக் குழித்தறியில் உட்கார்ந்து உட்கார்ந்து இடுப்பு பிடித்துக்கொண்டது. மாகறல் சிவன் கோயிலுக்குத் திங்கட்கிழமை தோறும் போய்க் கும்பிட்டால் சரியாகும் என்று மாமியாரே சைக்கிளில் காற்றடித்து அனுப்பிவைத்தார். இடுப்பு சரியானதோ இல்லையோ, கோயில் வாசலில் வேர்க்கடலை விற்றுக்கொண்டிருந்த நான் கிடைத்தேன். அவர் இருபது திங்கட்கிழமை வந்திருப்பார். இடுப்பு வலிக்கு அவ்வளவு தேவையில்லை என்று எங்கள் ஊர் பூசாரியே சொன்னார்.

மாமியார் தன் அண்ணன் மகளை மருமகளாக நினைத்து வைத்திருந்தார். அந்தப் பெண் பட்டில் பிறந்து பட்டில் வளர்ந்தவள். என் கையோ அரிவாள் பிடித்த கை. விரல்களெல்லாம் சொரசொரவென்று இருக்கும். பட்டு இழையைத் தொட்டால் போதும், தோலில் மாட்டிக்கொண்டு கூடவே வரும். வந்த மறுநாள் ஆசையாக ஒரு பட்டுக் கண்டியை, சுற்றி முடிந்த நூல் கட்டை, கையில் எடுத்துப் பார்த்தேன். திருப்பி வைக்கும்போது அது பாதி நனைந்த பஞ்சு மாதிரி ஆகிவிட்டிருந்தது. "கடலை புடுங்கற கையி பட்டைத் தொட்டா இப்படித்தான் ஆவும்" என்று மாமியார் தறிக்கு எடுத்துச் சொன்னார். அன்றிலிருந்து எனக்குப் பட்டு தடை. தண்ணீர் இறைப்பது, கஞ்சி காய்ச்சுவது, பெருக்குவது ஆகியவை என் இலாகா.

நான் வாழ்க்கைப்பட்டு வந்த பிள்ளையார்பாளையத்தில் பட்டைத் தொடாமல் இருப்பது என்றால் ஊரில் இல்லாமல் இருப்பது என்று அர்த்தம். எங்கள் தெருவில் எந்த வீட்டு வாசலைப் பார்த்தாலும் யாராவது நூல் சுற்றிக்கொண்டிருப்பார்கள், சாயம் காயவைத்துக்கொண்டிருப்பார்கள். நான் மட்டும் வெறுங்கையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். கைக்கு வேலை இல்லாவிட்டால் என் வாய் சும்மா இருக்காது. அது சின்ன வயதிலிருந்தே உள்ள வழக்கம்.

சின்ன வயதில் செய்யாற்றங்கரையில் எங்கள் கம்புக்கொல்லையில் பரண்மீது உட்கார்ந்து கிளி விரட்டியிருக்கிறேன். காலையிலிருந்து சாயங்காலம் வரை கிளிகளைத் திட்டிக்கொண்டிருக்க முடியாது. திட்டுவதற்கு வார்த்தை தீர்ந்துபோகும். அப்போது நானாக ஒரு நாட்டை உண்டாக்கினேன். எட்டாநாடு என்று அதற்குப் பெயர். மேற்கே சூரியன் இறங்குகிற இடத்துக்கு அந்தப் பக்கம் இருக்கிறது. அங்கே ராஜாவுக்குக் கிரீடம் கிடையாது, தலையில் பூசணிக்காய் வைத்துக்கொள்வார். தினம் காலையில் ஒரு புதுக் காய், இரவு அதையே அரண்மனையில் குழம்பு வைத்துவிடுவார்கள். காக்கைகளுக்குப் பல் உண்டு. மாடுகள் மேய்ப்பவனைக் கயிற்றில் கட்டி ஓட்டிப்போகும்.

அந்த நாட்டில்தான் மழைக்கின்னரம் இருந்தது. அதை யாரும் செய்யவில்லை. ஒரு பனைமரத்தில் இடி விழுந்து மரம் இரண்டாகப் பிளந்தபோது உள்ளே அது அப்படியே இருந்தது. ஆள் உயரம், வளைந்த கழுத்து, ஆறு கம்பி. மீட்டினால் சத்தம் வராது. வாசிக்கிறவருக்குக் கேட்காது, பக்கத்தில் நிற்கிறவருக்கும் கேட்காது. மேகத்துக்கு மட்டும் கேட்கும். கேட்டவுடன் எங்கே இருந்தாலும் கிளம்பி ஓடிவரும். மழை விழுந்தால்தான் யாரோ கின்னரம் வாசித்திருக்கிறார்கள் என்று எட்டாநாட்டுக்காரர்களுக்குத் தெரியும். எங்கள் ஊரில் வானம் பார்த்த பூமி அதிகம். அதனால் நான் உண்டாக்கிய அதிசயமும் மழையைக் கூப்பிடுகிறதாகத்தான் இருந்தது. பரண்மீது உட்கார்ந்து காற்றில் கையை வைத்து அதை மணிக்கணக்கில் வாசித்திருக்கிறேன். கிளிகள் அதற்குப் பயப்படவில்லை.

மாமியார் வீட்டுக்கு வந்த பிறகு இந்தக் கதையை எதிர்வீட்டு அக்காவிடம் சொல்ல ஆரம்பித்தேன். அவர் வீட்டில் தெலுங்கு பேசுவார்கள். மத்தியான வேளையில் ராட்டையைத் தூக்கிக்கொண்டு எங்கள் வீட்டுக் கூடத்துக்கு வந்து நூல் சுற்றுவார். தெருவிலேயே என் பக்கத்தில் முதலில் வந்து உட்கார்ந்த மனுஷி அவர். கதை கேட்கிற ருசியில் மூன்று நான்கு பெண்கள் கூடச் சேர்ந்தார்கள். கூடத்தின் மறுபாதியில் எங்கள் தறி. அதில் என் வீட்டுக்காரர் சேலையின் உடலை நெய்வார். ஓரத்தில் உட்கார்ந்து, குறுக்கு இழையைக் கொண்டுபோகிற நாடாவைக் கரைப் பக்கம் மாமியார் போடுவார். கரையைத் தனியாக நெய்து உடலோடு கோக்கிற கோர்வைச் சேலைக்கு இப்படி இரண்டு பேர் வேண்டும். ஒருவர் கை நின்றால் மற்றவரும் சும்மா உட்கார்ந்திருக்க வேண்டியதுதான்.

மாமியார் எங்கள் பக்கம் திரும்பமாட்டார். முதுகுதான் தெரியும். ஆனால் கதையில் ஏதாவது நெருக்கடி வந்தால் தறிச் சத்தம் நின்றுவிடும். பூசணிக்காய் ராஜா கிணற்றில் விழுந்தபோது நின்றது. பல் முளைத்த காக்கை இளவரசியின் கொலுசைத் தூக்கிக்கொண்டு போனபோது நின்றது. "யம்மா, நாடா" என்று என் வீட்டுக்காரர் மெல்லச் சொல்வார். "தெரியும், போடறேன். இழை சிக்கிக்கினு இருக்குது" என்று மாமியார் சொல்வார். எந்த இழையும் சிக்கியிருக்காது. நான் வேண்டுமென்றே நெருக்கடியான இடத்தில் நிறுத்தி, தண்ணீர் குடிக்க எழுந்து போவேன். நான் குடித்து முடித்து வருகிறவரைக்கும் தறி ஊமையாக நிற்கும். அந்த வருஷத்தில் எனக்கு இருந்த ஒரே சந்தோஷம் அதுதான்.

நெசவுக்காரர்களிடம் கதை சொல்வது லேசான காரியமில்லை. கின்னரத்துக்குக் கற்றாழை நார்க் கம்பி என்று சொன்னேன். எதிர்வீட்டு அக்கா ராட்டையை நிறுத்திவிட்டார்.

"நாரா? அய்யோ தேவுடா! மாட்டைக் கட்டறதுக்கா வாத்தியம்? பட்டு போடு தல்லி."

"பட்டுக்கு எட்டாநாட்டுல எங்கக்கா போறது?"

"ஏன், அந்த ஊருல புழு இல்லியா? பல்லு வெச்ச காக்கா இருக்குது, புழு இருக்காதா?"

இப்படியாகப் பட்டுக் கம்பி வந்தது. அதற்கு எத்தனை முறுக்கு என்று இரண்டு நாள் சண்டை நடந்தது. ஒருத்தி சரிகை கலந்து போடச் சொன்னாள், இன்னொருத்தி சரிகை கலந்தால் விரலை அறுக்கும் என்றாள். கம்பி அறுந்தால் அந்த நாடே அழிந்துபோகும் என்று நான் ஒரு பெரிய சோகத்தைத் தயார் செய்து வைத்திருந்தேன். அதைச் சொன்னதும் எல்லோரும் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்கள். "அறுந்தா முறுக்கி ஒட்டிக்கினு போவாங்க. இதுக்கா ஒரு நாடு அழியும்?" என்று என் சோகத்தை ஒரே விரலால் தள்ளிவிட்டார்கள். நாளெல்லாம் அறுந்த இழையை ஒட்டிக்கொண்டிருக்கிறவர்களிடம் வேறு என்ன சொல்ல முடியும்? எட்டாநாடு தப்பித்தது.

நானும் ஒரு சட்டம் சேர்த்தேன். கின்னரத்தை எல்லோரும் வாசிக்க முடியாது. வீட்டில் யாரும் முகம் கொடுத்துப் பேசாத ஒருத்தி தொட்டால்தான் மேகத்துக்குக் கேட்கும். இதைக் கொஞ்சம் சத்தமாகவே சொன்னேன். பெண்கள் ராட்டைக்குள் முகத்தை மறைத்துக்கொண்டு சிரித்தார்கள். தறியில் நாடா வழக்கத்தைவிட வேகமாகப் பாய்ந்தது.

மறுநாள் எதிர்வீட்டு அக்கா ஒரு கேள்வி கேட்டார். "அது சரி, வாசிச்சா மழை வரும். எப்படி நிறுத்துவாங்க?"

மழையை நிறுத்துவதா? எங்கள் ஊரில் அப்படி ஒரு யோசனை யாருக்கும் வந்ததில்லை. "எதுக்குக்கா நிறுத்தணும்? பெஞ்சிட்டுப் போவட்டுமே" என்றேன்.

அப்போது மாமியார் தறியைப் பார்த்துப் பேசினார். கதையைப் பற்றி அவர் வாய் திறந்தது அதுதான் முதல் தடவை. "ஆறு கம்பி வெச்சா வரவெக்கத்தான் தெரியும். நிறுத்தறதுக்கு ஏழாவதா ஒண்ணு வேணாவா? தறின்னு ஒண்ணு இருந்தா நிறுத்தறதுக்கும் வழி இருக்குது. வாத்தியத்துக்கு மட்டும் இல்லாம போவுமா?"

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். அது நல்ல யோசனை என்பது எனக்கும் தெரிந்தது. ஆனால் எனக்கு வீம்பு வந்துவிட்டது. நான் வந்த நாளிலிருந்து என் பெயரைக்கூடச் சொல்லாதவர், என் கின்னரத்துக்கு மட்டும் கம்பி போட வருகிறாரா? நானும் தறியைப் பார்த்தேன். "ஏழாவது கம்பி வேணும்னு நெனைக்கிறவங்க என்னாண்ட நேரா சொன்னா போடறேன்" என்று தறிக்குச் சொல்லிவிட்டுத் தண்ணீர் குடிக்கப் போனேன். அடுக்களையில் இரண்டு சொம்பு குடித்தேன். என்ன சொல்லிவிட்டோம் என்று எனக்கே பயமாக இருந்தது.

அன்றிலிருந்து கின்னரம் ஆறு கம்பியோடு நின்றுபோனது. கதை ஓடும், ஆனால் ஏழாவது கம்பியின் பேச்சை நான் எடுக்கமாட்டேன், அவரும் எடுக்கமாட்டார். தெருவுக்கே விஷயம் தெரிந்துவிட்டது. தண்ணீர் எடுக்கப் போனால், "இன்னாமா, ஏழு ஆச்சா?" என்று கேட்பார்கள். எதிர்வீட்டு அக்கா சமாதானத்துக்கு வந்தார்.

"நான் சொன்னதா வெச்சிக்கினு போட்டுடு தல்லி. உனக்கு இன்னா கொறைஞ்சிடப் போவுது?"

"நீங்க சொன்னா எட்டாவது கம்பி வேணும்னாலும் போடறேன்க்கா. ஏழாவது எங்க அத்தையோடது."

என் வீட்டுக்காரரிடம் முறையிட்டேன். அவர் நல்ல மனிதர். ஆனால் அம்மாவுக்கும் எனக்கும் நடுவில் வந்தால் அவருக்கு உடனே சைக்கிளைத் துடைக்க வேண்டியிருக்கும். அந்த மாதங்களில் பிள்ளையார்பாளையத்திலேயே பளபளப்பான சைக்கிள் எங்களுடையதுதான். "பேசுவாங்க, கொஞ்சம் பொறு" என்பார், சக்கரத்தின் கம்பிகளைத் துடைத்துக்கொண்டே. எனக்கு அந்தக் கம்பிகளைப் பார்த்தாலும் எரிச்சலாக வந்தது.

வெளியே வீம்பு பேசினேனே தவிர, உள்ளுக்குள் அந்த ஒரு வார்த்தைக்காக ஏங்கிக்கிடந்தேன். திட்டினால்கூடப் போதும் என்று இருந்தது. என் அம்மா என்னைத் திட்டாத நாளே கிடையாது. திட்டு வாங்காமல் ஒரு வீட்டில் இருப்பது, விருந்தாளியாக வந்து போகத் தெரியாமல் தங்கிவிட்ட மாதிரி இருந்தது.

பங்குனி கடைசியில் எங்கள் வீட்டுப் பாவு தெருவுக்கு வந்தது. பாவு என்றால் சேலையின் நீளவாக்கில் ஓடுகிற இழைகள். தறியில் ஏற்றுவதற்கு முன்னால், விடியற்காலையில் அதைத் தெருவின் நீளத்துக்கு இழுத்துக் கட்டி, இழைகளைப் பிரித்துவிட்டு, கஞ்சி பூசிக் காயவைப்பார்கள். ஒரு வீட்டுப் பாவு வெளியே வந்தால் தெருவே எழுந்து வரும். கூலி கிடையாது. இன்றைக்கு உன் பாவு, நாளைக்கு என் பாவு. யாருக்குப் பாவில் கை வைக்க இடம் இருக்கிறதோ அவர்தான் தெருவைச் சேர்ந்தவர். நான் அதுவரை வீட்டுக்குள் கஞ்சி காய்ச்சியதோடு சரி. அன்றைக்குத்தான் என்னை வெளியே விட்டார்கள். பாவைத் தொட அல்ல, மாடு விரட்ட. கஞ்சி வாசனைக்கு மாடுகள் மோப்பம் பிடித்து வரும், ஒரு நக்கு நக்கினால் போயிற்று. "குச்சி புடிக்கத் தெரிஞ்சவங்க குச்சி புடிச்சிக்கினு நிக்கலாம்" என்று மாமியார் வாசற்படியிடம் சொன்னார். நான் பரண் காலத்துப் பழக்கத்தில் ஒரு நல்ல குச்சியாகப் பார்த்து எடுத்துக்கொண்டேன்.

பாவு நீளமாக, இளம் வெயிலில் பளபளவென்று தெருவில் கிடந்தது. இரண்டு பக்கமும் ஆட்கள். மாமியார் நடுவில் நின்று ஒட்டிய இழைகளைப் பிரித்துவிட்டுக்கொண்டிருந்தார். தெருப் பெரியவர் ஒருவர் முன்னால் நின்று மேற்பார்வை பார்த்தார். கஞ்சி காயும் வரை யாரும் விட்டுவிட்டுப் போக முடியாது. கைக்கு வேலை இருக்கும், வாய்க்கு இருக்காது. எதிர்வீட்டு அக்கா என்னைப் பார்த்துக் குரல் கொடுத்தார். "இன்னாமா குச்சி புடிச்சிக்கினு சும்மா நிக்கிற? கதைய சொல்லு. பூசணிக்கா ராஜா எங்க இருக்கான்?"

பரண்மேல் ஏறின சந்தோஷம் எனக்கு வந்துவிட்டது. அவ்வளவு பெரிய கூட்டம் எனக்குக் கிடைத்ததில்லை. அதிலும் ஓட முடியாத கூட்டம். ஆண்கள்கூடக் காதைக் கொடுத்தார்கள். எட்டாநாட்டில் கொடும் பஞ்சம். ராஜாவின் தலையில் வைக்கப் பூசணிக்காய் இல்லை, சுரைக்காய் இல்லை, கடைசியில் ஒரு வெண்டைக்காயைச் சொருகிக்கொண்டு சபைக்கு வருகிறார். யாரும் பேசாத அந்தப் பெண் மலையேறிப் போய்க் கின்னரத்தைக் கண்டுபிடிக்கிறாள். உட்காருகிறாள். முதல் கம்பியைத் தொடுகிறாள். இரண்டாவதைத் தொடுகிறாள். நான் குச்சியைத் தோளில் சாய்த்துக் கின்னரமாக்கி, ஒவ்வொரு கம்பியாக மீட்டிக் காட்டினேன். ஆறாவது கம்பியை மீட்டிவிட்டு, எங்கள் ஊரில் கூவுகிற மாதிரி இரண்டு கையையும் தூக்கிக் கூவினேன்.

"வந்துது பாரு மழை!"

எல்லோர் முகமும் வெளுத்துவிட்டது. பெரியவர் மெதுவாகத் திரும்பினார். "யாரு அந்த வார்த்தைய சொன்னது?"

பாவு தெருவில் இருக்கும்போது அந்தச் சொல்லை யாரும் சொல்லக் கூடாது. விருந்தாளி என்றுதான் சொல்ல வேண்டும். "விருந்தாளி வராப்பல இருக்குது, சுத்திக்கலாமா?" என்று கேட்பார்கள். சொன்னால் வந்துவிடும் என்று நம்பிக்கை. தெருவில் பிறந்த குழந்தைக்குக்கூட அது தெரியும், அதனால்தான் எனக்கு யாரும் சொல்லித்தரவில்லை. வீட்டுக்குள் கதை சொன்னபோது ஆயிரம் தடவை மழை மழை என்றிருக்கிறேன், ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை. அப்போது வெளியே பாவு இல்லை. எங்கள் ஊரில் அந்தச் சொல்லைச் சொன்னவரின் வாயில் சர்க்கரை போடுவார்கள். இங்கே என் வாயில் எதைப் போடுவது என்று எல்லோரும் யோசித்துக்கொண்டிருக்கும்போது என் மூக்கில் ஒரு சொட்டு விழுந்தது.

பங்குனி மாசம். வானத்தில் மேகம் என்று சொல்ல ஒரே ஒரு துண்டுதான், அதுவும் எங்கள் தெருவுக்கு நேர் மேலே. அது எங்கிருந்து வந்தது, எப்போது வந்தது என்று இன்று வரை எனக்குத் தெரியாது. சொட்டு இரண்டானது, பத்தானது. பெரியவர் "சுத்துங்க, சுத்துங்க!" என்று கத்தினார். கஞ்சி காயாத பாவில் தண்ணீர் பட்டால் இழையோடு இழை ஒட்டிக்கொள்ளும். இரண்டு முனையிலிருந்தும் சுற்றிக்கொண்டு ஓடிவந்தார்கள். பாய், போர்வை, வேட்டி என்று கைக்குக் கிடைத்ததையெல்லாம் கொண்டுவந்து மேலே பிடித்தார்கள். நான் குச்சியும் கையுமாக அப்படியே நின்றேன். அந்த ஒரு பாவு கெட்டால் வீட்டில் தறி எத்தனை நாள் சும்மா கிடக்கும் என்று அந்த ஒரு வருஷத்தில் எனக்குத் தெரிந்திருந்தது. மாமியார் இனி ஏழு ஜென்மத்துக்கும் என்னோடு பேசமாட்டார் என்று நினைத்தேன்.

மாமியார் பாவின் நடுவில் நின்று, தன் உடம்பையே கூரையாக வளைத்து இழைகளை மறைத்துக்கொண்டிருந்தார். தலையிலிருந்து தண்ணீர் சொட்டியது. அண்ணாந்து மேகத்தைப் பார்த்தார். பிறகு திரும்பினார். தறியை அல்ல, வாசற்படியை அல்ல, என்னைப் பார்த்தார்.

"ஏய்! அந்த ஏழாவது கம்பிய போட்டுத் தொலைடி!"

பின்னால் ஏதாவது தூண் இருக்கிறதா என்று திரும்பிப் பார்த்தேன். ஒன்றும் இல்லை. என்னிடம்தான் சொன்னார்.

"போட்டுட்டேன் அத்தை!" என்று தொண்டை கிழியக் கத்தினேன்.

"தொடச் சொல்லுடி அவள!"

"தொட்டுட்டா அத்தை!"

"அப்ப இன்னாத்துக்கு அங்க குச்சிய புடிச்சிக்கினு நிக்கிற? வந்து இத புடி!"

"என் கை சொரசொரப்பு அத்தை..."

"தெரியும் வா!"

குச்சியைப் போட்டுவிட்டு ஓடினேன். நனைந்த பாவின் ஒரு பக்கத்தை மாமியார் என் கைகளில் திணித்தார். இழைகள் என் விரல்களில் மாட்டி அங்கங்கே அறுந்தன. "இழுக்காத, ஏந்து, கொழந்தைய ஏந்தறாப்பல ஏந்து" என்று அவர் சொல்லச் சொல்ல ஏந்திக்கொண்டு ஓடினேன். கண்ணில் வழிந்தது மழையா அழுகையா என்று யாருக்கும் தெரியாது. எனக்குத் தெரியும். சந்தோஷத்தில் வாய்விட்டு அழுதேன். பாவு வீட்டுக்குள் போய்ச் சேர்ந்ததும் மேகம் தன் வேலை முடிந்தது மாதிரி கலைந்து போனது. வெயில் அடித்தது. அக்கம்பக்கத்துத் தெருக்களில் புழுதிகூட நனையவில்லையாம்.

அன்று முழுவதும் நனைந்த பாவை விரித்து, ஒட்டின இழைகளைப் பிரித்து, என் கையில் அறுந்த இழைகளை ஒவ்வொன்றாக முறுக்கி ஒட்டினார் மாமியார். ஒவ்வொரு இழைக்கும் எனக்கு ஒரு திட்டு. கண் தெரியாதவளே, கடலைக்கொல்லைக்காரியே, வாயைத் தைக்க நூல் கிடைக்காதவளே என்று அவர் அடுக்கினார். அத்தனையும் நேராக, என் முகத்தைப் பார்த்து. தறி ஓரமாகத் தனியாக நின்றது. அதற்கு அன்றைக்கு ஒரு வார்த்தையும் இல்லை. நடுவில் ஒரு முறை நிறுத்தி, "கைக்கு வெளக்கெண்ணெ தடவு. தெனம் தடவுனா தோலு படியும்" என்றார். உடனே மறுபடியும் திட்டத் தொடங்கினார். வாசலில் என் வீட்டுக்காரர் துணியைக் கையில் வைத்துக்கொண்டு சைக்கிளைத் துடைக்கவும் மறந்து, எங்கள் இரண்டு பேரையும் பார்த்துக்கொண்டிருந்தார்.

தெரு இந்த விஷயத்தை லேசில் விடவில்லை. அடுத்து யார் வீட்டுப் பாவு வெளியே வந்தாலும், முந்தின நாள் சாயங்காலமே ஆள் வந்துவிடும். "நாளைக்குப் பாவு போடறோம்மா. ஏழாவது கம்பி நல்லா முறுக்கா இருக்குதில்ல?" என்று என்னைக் கேட்பார்கள். பாதி கேலி, பாதி நிஜம். எந்தப் பாதி பெரியது என்று எனக்குத் தெரியாது. எனக்கு முன்னால் மாமியார் பதில் சொல்லிவிடுவார். "அதெல்லாம் நான் பாத்து முடுக்கி வெச்சிருக்கேன், போங்க." எண்ணெய் தடவித் தடவி என் கையும் படிந்தது. பாவில் எனக்கும் ஓர் இடம் வந்தது, மாமியாருக்குப் பக்கத்தில்.

சில வருஷம் கழித்து ஒரு கோடை. முந்தின ஐப்பசியும் கார்த்திகையும் ஏமாற்றிவிட்டுப் போயிருந்தன. எங்கள் கிணற்றில் வாளியை விட்டால் சேறுதான் வந்தது. சாயம் அலசத் தண்ணீர் இல்லை, குடிக்கத் தண்ணீர் எடுக்கத் தூரத்துக் கிணற்றில் வரிசை. ஒரு நாள் மத்தியானம் நானும் மாமியாரும் பாதிக் குடம் கலங்கல் தண்ணீரோடு திரும்பி வந்தோம். வாசலில் குடத்தை இறக்கிவைத்துவிட்டு அவர் வானத்தைப் பார்த்தார். பிறகு ஓர் ஓரமாக என்னைப் பார்த்தார். ஏதோ கேட்க வேண்டும், கேட்க வெட்கம். கண் தானாகத் தறிப் பக்கம் போயிற்று. தறியோடு பேசிவிடுவாரோ என்று எனக்குப் பக்கென்றது.

தறியோடு பேசவில்லை. என்னிடமே கேட்டார். "ஏண்டி, உன் ஆளு இன்னும் அந்த மலையில உக்காந்துக்கினுதான் இருக்காளா?"

"இருக்கா அத்தை."

"கொஞ்சம் வாசிக்கச் சொல்லேன். அந்த விருந்தாளி வந்தா நல்லா இருக்கும்."

"எந்த விருந்தாளி அத்தை? வெளங்கறாப்பல சொன்னாத்தானே அவளுக்குத் தெரியும்."

முறைத்தார். பிறகு வாசலுக்கு வெளியே தலையை நீட்டி, தெருவின் இந்தக் கோடி, அந்தக் கோடி இரண்டையும் பார்த்தார். எங்கேயும் பாவு இல்லை. தண்ணீர் இல்லாத தெருவில் யார் கஞ்சி காய்ச்சுவது? இருந்தும் ஒரு தடவைக்கு இரண்டு தடவை பார்த்துவிட்டு, என் காதுக்கருகில் வந்து குனிந்து, பிறந்ததிலிருந்து தெருவாசலில் நின்று சொல்லாத அந்தச் சொல்லைச் சொன்னார்.

"மழை."

நான் சிரிக்கவில்லை. அவர் முகத்தைப் பார்த்தபோது சிரிப்பு வரவில்லை. அப்படியே தரையில் உட்கார்ந்து, முந்தானையைச் செருகிக்கொண்டு, பரண்மேல் உட்கார்ந்திருந்த காலத்து மாதிரி காற்றில் கையை வைத்தேன். முதல் கம்பி, இரண்டாவது கம்பி என்று மெதுவாக வாசிக்க ஆரம்பித்தேன். மாமியார் பக்கத்தில் சம்மணம் போட்டு உட்கார்ந்து என் விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தார். ஆறாவது கம்பிக்கு வந்ததும் சட்டென்று என் மணிக்கட்டைப் பிடித்தார்.

"பாத்துடி. ஏழாவதுல கை பட்டுடப் போவுது."